ஊரில் சமாதானம் ஆகிவிட்டது, கோர்ட்டில் கேஸை முடிப்பது எப்படி?

சம்பா அறுவடை முடிந்து கையில் நாலு காசும் மனதில் கொஞ்சம் நிதானமும் வந்த பிறகுதான் நம் பக்கத்தில் பல தகராறுகள் பேச்சுவார்த்தைக்கு வரும். வாய்க்கால் மடையை யார் முதலில் திறப்பது என்று தொடங்கி, வரப்பில் அடித்துக்கொண்ட பங்காளிகள் கோயில் மண்டபத்தில் உட்கார்ந்து பேசி முடிக்கிறார்கள். நூறு ரூபாய் ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக் கையெழுத்தும் போடுகிறார்கள். எல்லாம் தீர்ந்தது என்று ஒரு பையன் சிங்கப்பூர் வேலைக்குக் கிளம்பிப் போகிறான். இரண்டு வருஷம் கழித்து அவன் வீட்டு வாசலில் பிடிவாரண்டோடு போலீஸ் நிற்கிறது. புகார் கொடுத்த சித்தப்பாவே ஓடிவந்து, "அதான் பேசி முடிச்சாச்சே சார்" என்கிறார். அதைக் கேட்டுக்கொண்டு திரும்பிப் போக போலீசுக்கு அதிகாரம் கிடையாது.

எஃப்.ஐ.ஆர். பதிவான நிமிடத்திலிருந்து வழக்கை நடத்துவது அரசு. புகார் கொடுத்தவர் அதில் ஒரு சாட்சிதான். அதனால் "கேஸை வாபஸ் வாங்கிட்டேன்" என்று அவர் சொன்னால் மட்டும் கேஸ் போகாது, நீதிமன்றம் உத்தரவு போட்டால்தான் போகும். அந்த உத்தரவை எந்த நீதிமன்றத்தில் வாங்குவது என்பது எஃப்.ஐ.ஆரில் எழுதியிருக்கும் பிரிவு எண்களைப் பொறுத்தது. இந்த இரண்டையும் பிடித்துக்கொண்டால் மற்றது எல்லாம் வரிசையாக வரும்.

முதலில், கேஸ் எந்தக் கட்டத்தில் இருக்கிறது?

காவல் நிலையத்தில் கொடுத்த மனுவுக்கு சி.எஸ்.ஆர்., அதாவது மனுவைப் பெற்றுக்கொண்டதற்கான ரசீது மட்டும் கொடுத்திருந்தால் இன்னும் வழக்கே பதிவாகவில்லை. அந்தக் கட்டத்தில் இரண்டு தரப்பும் நிலையத்துக்குப் போய், "பேசித் தீர்த்துக்கொண்டோம், மேல் நடவடிக்கை வேண்டாம்" என்று எழுதிக் கொடுத்து மனுவை முடித்துக்கொள்ளலாம். எழுதிக் கொடுத்ததன் நகலைக் கையோடு வாங்கி வையுங்கள். இதைவிடச் சுலபமான வழி பிறகு கிடைக்காது. ஊர்ப் பெரியவர்கள் பேச வேண்டியதும் இந்தக் கட்டத்தில்தான்.

எஃப்.ஐ.ஆர். ஆகிவிட்டால் நிலையத்தில் எழுதிக் கொடுப்பதால் மட்டும் முடியாது. "நாங்களே குளோஸ் பண்ணிடுறோம்" என்று அங்கே யாராவது சொன்னாலும் அத்துடன் விட்டுவிடாதீர்கள். போலீஸ் மேல் நடவடிக்கை கைவிடப்பட்டதாக அறிக்கை அனுப்பினால், அதைத் தெரிவித்து புகார்தாரருக்கு ஆர்.சி.எஸ். நோட்டீஸ் என்ற அறிவிப்பு வரும். அந்த அறிக்கையை மாஜிஸ்திரேட் ஏற்றுக்கொண்டால்தான் வழக்கு முடிந்தது. ஏற்றுக்கொண்டாரா என்று நீதிமன்றத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். சமாதானத்தை மட்டும் காரணமாகக் காட்டி எஃப்.ஐ.ஆரை மூடும் அதிகாரம் காவல் நிலையத்துக்குச் சட்டத்தில் இல்லை.

குற்றப்பத்திரிகை தாக்கலாகி நீதிமன்றத்தில் சி.சி. எண், அதாவது கோர்ட்டின் வழக்கு எண், விழுந்திருந்தால், அந்த எண்ணையும் அடுத்த வாய்தா தேதியையும் குறித்துக்கொள்ளுங்கள். சமாதானப் பேச்சு நடக்கிறது என்பதற்காக வாய்தாவுக்குப் போகாமல் இருக்கக் கூடாது. பிடிவாரண்ட் பெரும்பாலும் அப்படித்தான் பிறக்கிறது. எஃப்.ஐ.ஆர். நகல் கையில் இல்லையென்றால் தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் எடுக்கலாம். பாலியல் குற்றம் போன்ற வழக்குகளின் எஃப்.ஐ.ஆர். மட்டும் அங்கே இருக்காது.

பிரிவு எண்களைப் படிப்பது

2024 ஜூலை 1 முதல் இ.பி.கோ.வுக்குப் பதிலாக பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. கோர்ட் வளாகத்தில் பி.என்.எஸ். என்பார்கள். நடைமுறைச் சட்டம் பி.என்.எஸ்.எஸ். ஆகிவிட்டது. அந்தத் தேதிக்கு முன் நடந்த சம்பவத்துக்குப் பழைய இ.பி.கோ. எண்களே இருக்கும். இரண்டு சட்டத்திலும் விஷயம் பெரும்பாலும் ஒன்றுதான், எண் மட்டும் வேறு.

எந்தெந்தக் குற்றத்தைச் சமாதானமாக முடிக்கலாம் என்பதற்கு பி.என்.எஸ்.எஸ். 359-ஆம் பிரிவில் இரண்டு அட்டவணைகள் இருக்கின்றன. பழைய சட்டத்தில் இது 320. முதல் அட்டவணையில் இருப்பவற்றை முடிக்க நீதிமன்றத்தின் அனுமதி வேண்டியதில்லை, சமாதானம் ஆனதைப் பதிவு செய்தால் போதும். சாதாரணக் காயம், அதாவது பி.என்.எஸ். 115(2), பழைய இ.பி.கோ. 323, வழிமறித்தல் 126(2), அத்துமீறி நுழைதல் 329, சாதாரணத் திருட்டு 303(2), கொலைமிரட்டல் அளவுக்குப் போகாத மிரட்டல் 351(2), அவதூறு 356 போன்றவை இதில் வரும். இரண்டாவது அட்டவணையில் உள்ளவற்றுக்கு நீதிமன்றம் அனுமதிக்க வேண்டும். எலும்பு முறிவு போன்ற கொடுங்காயம் 117(2), மோசடி 318(4) அதாவது பழைய 420, நம்பிக்கை மோசடி 316(2), அஜாக்கிரதையால் காயம் ஏற்படுத்துதல் 125 ஆகியவை அங்கே இருக்கின்றன.

இரண்டு அட்டவணையிலும் இல்லாத பிரிவு ஒன்றே ஒன்று சேர்ந்திருந்தாலும் கீழ் நீதிமன்றத்தால் வழக்கை முழுசாக முடிக்க முடியாது. பலர் சிக்கிக்கொள்வது இங்கேதான். அதனால் கொஞ்சம் நிறுத்திச் சொல்கிறேன்.

நம் ஊர் அடிதடி எஃப்.ஐ.ஆர். ஒன்றை எடுத்துப் பாருங்கள். 296(பி), 115(2), 118(1), 351(2) என்று வரிசையாக இருக்கும். 2024 ஜூலைக்கு முந்தைய சம்பவம் என்றால் 294(பி), 323, 324, 506(1). முதலில் இருக்கும் 296(பி) பொது இடத்தில் ஆபாசமாகத் திட்டியதற்கு. வாய்ச்சண்டை இல்லாத கைச்சண்டை ஏது? அதனால் அது கிட்டத்தட்ட எல்லா அடிதடியிலும் சேர்ந்துவிடும். தண்டனை சின்னது, மூன்று மாதம் வரை சிறை அல்லது ஆயிரம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். ஆனால் அது பொதுமக்களுக்குத் தொந்தரவு என்ற வகைக் குற்றம் என்பதால் சமாதானப் பட்டியலில் இல்லை.

118(1) ஆபத்தான ஆயுதத்தால் காயம் ஏற்படுத்துதல். வெறும் கையால் அறைந்திருந்தால் 115(2)-ஓடு நின்றிருக்கும். மடை திறக்கப் போனவர் கையில் மண்வெட்டி இருந்தது, அதையே ஓங்கிவிட்டார் என்றால் 118(1) வந்துவிடும். அரிவாள், உருட்டுக்கட்டை எதுவானாலும் இதே கதிதான். நெற்றியில் இரண்டு தையல் போட்ட காயமாக இருந்தாலும், கையில் இருந்த பொருள் வழக்கை உயர் நீதிமன்றம் வரை இழுத்துக்கொண்டு போய்விடும். பழைய 324 ஒரு காலத்தில் சமாதானப் பட்டியலில் இருந்தது, பிறகு திருத்தத்தில் எடுத்துவிட்டார்கள். அனுபவசாலிகள் சிலர் அந்தப் பழைய நினைவில் "கீழ்க் கோர்ட்லயே காம்பவுண்ட் பண்ணிடலாம்" என்று இன்னமும் சொல்வார்கள். எஃப்.ஐ.ஆரையும் குற்றப்பத்திரிகையையும் வக்கீலிடம் காட்டி, ஒவ்வொரு எண்ணாக "இது பட்டியலில் இருக்கிறதா?" என்று கேளுங்கள். விசாரணையில் பிரிவுகள் கூடியோ குறைந்தோ இருக்கலாம், அதனால் எஃப்.ஐ.ஆரை மட்டும் பார்த்து முடிவு செய்ய வேண்டாம்.

296(பி) மட்டும் மிஞ்சி நிற்கும் வழக்கில், "ஒத்துக்கிட்டு ஃபைன் கட்டிட்டுப் போயிடு" என்று ஒரு யோசனை வரும். அன்றைக்கு அது லேசாகத்தான் தெரியும். ஆனால் குற்றத்தை ஒப்புக்கொண்டு கட்டும் அபராதம் சட்டப்படி தண்டனை. அரசு வேலைக்கோ பாஸ்போர்ட்டுக்கோ விண்ணப்பிக்கும் வயதில் இருக்கும் பையனை அப்படி ஒத்துக்கொள்ளச் சொல்லாதீர்கள். அலைச்சலானாலும் உயர் நீதிமன்றத்தில் முறையாக வழக்கை ரத்து செய்து வாங்குவது நல்லது.

சமாதானம் நிஜமானதுதானா?

காகிதம் எழுதுவதற்கு முன் இந்தக் கேள்விக்குப் பதில் வேண்டும். கூலி வேலை பார்ப்பவர் புகார்தாரர், நிலம் வைத்திருப்பவர் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், என்றால், "உனக்கு இந்த ஊரில் வேலை கிடையாது" என்ற ஒரு வார்த்தையே போதும், கையெழுத்து விழுந்துவிடும். அதற்குச் சமாதானம் என்று பெயர் வைக்க என் மனம் ஒப்பாது, நீதிமன்றமும் ஒப்பாது. கட்டப்பஞ்சாயத்து சட்டவிரோதம் என்று உச்ச நீதிமன்றம் 2011-இல் ஆறுமுகம் சேர்வை வழக்கில் கடுமையாகச் சொல்லியிருக்கிறது. அபராதம் விதிப்பது, காலில் விழ வைப்பது, ஊரை விட்டு ஒதுக்குவது எல்லாம் தனியாகக் குற்றங்கள்.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டப் பிரிவு சேர்ந்த வழக்குகளில் நீதிமன்றம் இதை இன்னும் கூர்ந்து பார்க்கும். அந்தச் சட்டத்தில் சமாதானத்துக்கு வழியே இல்லை. சம்பவம் சாதியால் நடந்ததல்ல, தனிப்பட்ட தகராறுதான், பாதிக்கப்பட்டவர் முழு மனதோடு சம்மதிக்கிறார் என்று உறுதியானால், மிகுந்த எச்சரிக்கையோடு ரத்து செய்யலாம் என்று 2021-இல் ராம் அவதார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த வாசல் குறுகலானது, குறுகலாகத்தான் இருக்கவும் வேண்டும்.

பாதிக்கப்பட்டவர் தனக்கென்று ஒரு வக்கீல் வைத்துக்கொள்வது நல்லது. எதிரியின் வக்கீலே இரண்டு பக்கமும் எழுதுவது பிற்காலத்தில் சந்தேகத்துக்கு இடம் கொடுக்கும். வசதி இல்லாதவர்கள் நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் வட்ட சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு. 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம்.

யார் யார் கையெழுத்து போட வேண்டும்?

புகார் எழுதிக் கொடுத்தவர் ஒருவர், அடிபட்டவர்கள் மூன்று பேர் என்றால், மூன்று பேரும் சம்மதிக்க வேண்டும். காயம் பட்டவர்தான் காயத்துக்குச் சமாதானம் ஆக முடியும், திருட்டு என்றால் பொருளின் சொந்தக்காரர். அடிபட்டது சிறுவன் என்றால் அவன் சார்பில் பெற்றோரோ காப்பாளரோ நீதிமன்ற அனுமதியோடு செய்யலாம். பாதிக்கப்பட்டவர் இடையில் இறந்துவிட்டால் வாரிசுகள் நீதிமன்றத்தின் சம்மதத்தோடு செய்யலாம். அதேபோல ஏ1, ஏ2, ஏ3 என்று எத்தனை எதிரிகளோ அத்தனை பேரும் சேர வேண்டும். கோபம் தீராத ஒருவரை விட்டுவிட்டால் அவர் மேல் வழக்கு தொடர்ந்து நடக்கும்.

வரப்புச் சண்டையில் பெரும்பாலும் இரண்டு எஃப்.ஐ.ஆர். இருக்கும். காலையில் இவர் புகார், சாயங்காலம் அவர் புகார். கேஸ், கவுண்டர் என்பார்கள். ஒன்றை முடித்து மற்றதை விட்டுவைப்பது அடுத்த சண்டைக்கு விதை நெல் எடுத்து வைக்கிற மாதிரி. இரண்டையும் ஒரே நேரத்தில், ஒரே சமாதானத்தில் முடியுங்கள். முன்சீப் கோர்ட்டில் வாய்க்கால் உரிமைக்கோ பாகப்பிரிவினைக்கோ சிவில் வழக்கு இருந்தால் அதையும் சேர்த்துப் பேச வேண்டும். சண்டையின் வேர் அங்கேதானே இருக்கிறது. மடையை எந்த முறையில் திறப்பது, வரப்பு எந்த அளவுப்படி என்று எழுதாமல் கிரிமினல் வழக்கை மட்டும் முடித்தால், மேட்டூரில் அடுத்த முறை தண்ணீர் திறக்கும்போது அதே இடத்தில் அதே ஆட்கள் நிற்பார்கள்.

கோட்டாட்சியர் அலுவலகத்தில் அமைதிப் பத்திரம், அதாவது இனி சண்டை போட மாட்டோம் என்ற உறுதி, கேட்டு பி.என்.எஸ்.எஸ். 126-இல் நடக்கும் நடவடிக்கை, பழைய 107, தனிக் கோப்பு. கிரிமினல் வழக்கு ரத்தானால் அது தானாகப் போய்விடாது. அங்கேயும் ஆஜராகி முடித்துக்கொள்ள வேண்டும்.

சமாதான மனு எழுதுவது

இரண்டு தரப்பும் சேர்ந்து தாக்கல் செய்வதைக் கோர்ட்டில் ஜாயிண்ட் மெமோ என்பார்கள். காவல் நிலையத்தின் பெயர், குற்ற எண், வருடம், சி.சி. எண், எல்லாப் பிரிவுகள், யார் புகார்தாரர், யார் காயம் பட்டவர், யார் எதிரிகள், அவர்களுக்குள் என்ன உறவு, எப்படிச் சமாதானம் ஆனார்கள், பணம் கைமாறினால் எவ்வளவு, எந்தத் தேதியில், எந்த வழியில் என்பதெல்லாம் அதில் தெளிவாக இருக்க வேண்டும். யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல் சம்மதிப்பதாக ஒரு வரி வேண்டும். ஒவ்வொரு பக்கத்திலும் எல்லோரும் கையெழுத்துப் போட வேண்டும். ஆங்கிலத்தில் டைப் செய்தால் தமிழில் வாசித்து விளக்கியதாகக் குறிப்பிட்டு, உண்மையிலேயே வாசித்துக் காட்டுங்கள். கைநாட்டு வைப்பவர் என்றால் இதில் கூடுதல் கவனம் வேண்டும்.

இரண்டு வாக்கியங்களை மட்டும் எழுதவே கூடாது. ஒன்று, "நான் பொய்ப் புகார் கொடுத்துவிட்டேன்" என்பது. அரசு ஊழியரிடம் பொய்த் தகவல் கொடுப்பது பி.என்.எஸ். 217-இல் தனிக் குற்றம். எதிர்த் தரப்பு கேட்கிறதே என்று எழுதிக் கொடுத்து மாட்டிக்கொள்ள வேண்டாம். நடந்தது நடந்தது, இப்போது தொடர விருப்பமில்லை என்றால் போதும். இன்னொன்று, "இவ்வளவு பணம் தந்தால் சாட்சி சொல்ல மாட்டேன்" என்பது. சமாதானத்துக்கு இடமில்லாத குற்றத்தை அமுக்குவதற்காகப் பேசிய பணம், இந்திய ஒப்பந்தச் சட்டம் 23-ஆம் பிரிவின்படி செல்லாத பேரம். அப்படி எழுதிய ஸ்டாம்ப் பேப்பரை வைத்துக்கொண்டு பணத்தையும் வசூலிக்க முடியாது. மருத்துவச் செலவு, இழப்பீடு, திருப்பித் தரவேண்டிய தொகை என்று உண்மையான காரணத்தை எழுதுங்கள்.

பணத்தை வங்கி வழியாகவோ டி.டி.யாகவோ கொடுப்பது இரண்டு பக்கத்துக்கும் பாதுகாப்பு. கையெழுத்தின் போது ஒரு பகுதி, நீதிமன்றத்தில் சம்மதம் சொல்லும் நாளில் மீதி என்று பிரித்துக்கொள்ளலாம். பின்தேதியிட்ட செக்கை நம்பி முழுச் சம்மதமும் கொடுத்துவிடாதீர்கள். அந்தச் செக் திரும்பினால் நீங்கள் புதிதாக இன்னொரு வழக்குப் போட வேண்டியிருக்கும்.

கீழ் நீதிமன்றத்தில் முடிப்பது

எல்லாப் பிரிவுகளும் பட்டியலில் இருந்தால் வேலை சுலபம். வழக்கு நடக்கும் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் ஜாயிண்ட் மெமோ தாக்கல் செய்து, ஆதார் அட்டையோடு எல்லோரும் ஆஜராக வேண்டும். உதவி அரசு வழக்கறிஞர், அதாவது ஏ.பி.பி., பார்ப்பார். நீதிபதி பாதிக்கப்பட்டவரைக் கூப்பிட்டு, "நீங்களா விரும்பித்தான் முடிக்கிறீங்களா? யாராவது மிரட்டினாங்களா? பணம் வந்துடுச்சா?" என்று நேராகவே கேட்பார். அந்த நேரத்தில் பின்னால் நிற்கும் உறவுக்காரர் பதில் சொல்லக் கூடாது. திருப்தி ஆனதும் சமாதானத்தைப் பதிவு செய்வார். சட்டப்படி அது விடுதலைக்குச் சமம், அதே சம்பவத்துக்காக மறுபடி வழக்கு நடத்த முடியாது. எதிரிக்கு முன் தண்டனை இருந்து, அதனால் இந்த வழக்கில் கூடுதல் தண்டனைக்கு ஆளாகக்கூடியவர் என்றால் மட்டும் சமாதானம் செய்ய முடியாது.

தேசிய மக்கள் நீதிமன்றம், லோக் அதாலத், வழக்கமாக ஆண்டுக்கு நான்கு முறை நடக்கும். அதிலும் இவ்வகை வழக்குகளை முடிக்கலாம். வழக்கை அதற்கு அனுப்பும்படி வக்கீல் கேட்டால் போதும். சமாதானத்துக்கு இடமில்லாத பிரிவுகளைத் தொட லோக் அதாலத்துக்கும் அதிகாரம் இல்லை.

உரக்கடை பாக்கி, நெல் வியாபாரம், கைமாற்று என்று வரும் செக் மோசடி வழக்குகள் எந்தக் கட்டத்திலும் சமாதானம் செய்துகொள்ளக்கூடியவை. செலாவணி முறிச் சட்டம் 147-ஆம் பிரிவு அதைச் சொல்கிறது. ஆனால் தாமதிப்பவர் செலவு கட்ட வேண்டும். 2010-இல் தாமோதர் பிரபு வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த விகிதத்தை 2025-இல் குறைத்திருக்கிறது. எதிரி தன் தரப்புச் சாட்சியம் தொடங்குவதற்கு முன் பணம் கட்டினால் கூடுதல் செலவு இல்லை. அதற்குப் பிறகு தீர்ப்புக்கு முன் என்றால் செக் தொகையில் 5 சதவீதம், செஷன்ஸிலோ உயர் நீதிமன்றத்திலோ 7.5, உச்ச நீதிமன்றத்தில் 10.

உயர் நீதிமன்றத்தில் ரத்து

பட்டியலில் இல்லாத பிரிவு இருந்தால் பி.என்.எஸ்.எஸ். 528-இன் கீழ், பழைய 482, உயர் நீதிமன்றத்தில் மனு போட வேண்டும். கோர்ட் பேச்சில் குவாஷ் பெட்டிஷன் அல்லது கிரிமினல் ஓ.பி. 2012-இல் கியான் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த அதிகாரத்தைத் தெளிவாக்கியது. தனிப்பட்ட தகராறு, குடும்பப் பிரச்சினை, வியாபாரக் கணக்கு போன்றவற்றில் சமாதானம் ஆகிவிட்டால், பட்டியலில் இல்லாத குற்றத்தையும் உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம்.

மனு போடுவது சென்னையிலா மதுரையிலா என்பதில் டெல்டாக்காரர்கள் ரொம்பக் கவனமாக இருக்க வேண்டும். 2004 ஜூலையில் மதுரைக் கிளை தொடங்கியபோது நம் பகுதி இரண்டாகப் பிரிந்துவிட்டது. தஞ்சாவூர், திருச்சி, புதுக்கோட்டை மாவட்டங்கள் மதுரைக்குப் போகின்றன. திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை, கடலூர் மாவட்டங்கள் சென்னைக்குப் போகின்றன. கும்பகோணத்தில் அடிதடி நடந்தால் மதுரை, அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் வலங்கைமானில் நடந்தால் சென்னை. உங்கள் வீடு எங்கே என்பது கணக்கில்லை, எஃப்.ஐ.ஆர். போட்ட நிலையம் எந்த மாவட்டம் என்பதுதான் கணக்கு. வக்கீலைப் பிடிக்கும் முன் இதைப் பார்த்துவிடுங்கள். சம்பந்தி ஊர் வழக்கு என்றால் இது கட்டாயம் குழம்பும்.

மனு போடுபவர்கள் எதிரிகள். முதல் எதிர்மனுதாரர் அரசு, காவல் ஆய்வாளர் வழியாக. இரண்டாவது எதிர்மனுதாரர் புகார்தாரர். எஃப்.ஐ.ஆர். அல்லது குற்றப்பத்திரிகை நகல், ஜாயிண்ட் மெமோ, புகார்தாரர் மற்றும் காயம் பட்டவர்களின் பிரமாணப் பத்திரம், எல்லோருடைய ஆதார் நகல், காயச் சான்று இருந்தால் அதுவும் சேர்க்க வேண்டும். வழக்கு பட்டியலில் வரும் நாளில் இரண்டு தரப்பும் நேரிலோ, நீதிமன்றம் அனுமதித்தால் காணொலியிலோ ஆஜராக வேண்டும். நிலையத்திலிருந்து ஒரு எஸ்.எஸ்.ஐ., அதாவது சிறப்பு உதவி ஆய்வாளர், வந்து இவர்கள்தான் அவர்கள் என்று அடையாளம் சொல்வார். இதற்காக நிலையத்துக்கு முன்கூட்டியே தகவல் சொல்லி வைப்பது நல்லது, ஆள் வராததால் வழக்கு அடுத்த வாரத்துக்குத் தள்ளிப்போவது உண்டு. வெளிநாட்டில் இருப்பவருக்குக் காணொலி அனுமதி வேண்டும் என்றால் வக்கீலிடம் முதல் நாளே சொல்லிவிடுங்கள். சில வழக்குகளில் நீதிமன்றம் ஏதாவது ஒரு நல நிதிக்குத் தொகை கட்டச் சொல்லும். அந்த ரசீதைக் கெடுவுக்குள் தாக்கல் செய்யாவிட்டால் உத்தரவே சிக்கலாகும்.

எவ்வளவு சீக்கிரம் போகிறீர்களோ அவ்வளவு நல்லது. கொலை முயற்சிப் பிரிவு, பி.என்.எஸ். 109 அதாவது பழைய 307, சேர்ந்த வழக்குகளைப் பற்றி 2014-இல் நரிந்தர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிமுறை சொன்னது. பிரிவின் பெயரை மட்டும் பார்க்காமல், காயம் எங்கே பட்டது, என்ன ஆயுதம், உண்மையில் அந்தப் பிரிவுக்கு இடம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். புலன்விசாரணைக் கட்டத்தில் வரும் சமாதானத்தைத் தாராளமாகப் பார்க்கலாம், சாட்சி விசாரணை முடியும் தறுவாயில் வந்தால் தயங்க வேண்டும் என்றது.

வரதட்சணைக் கொடுமை வழக்கு, பி.என்.எஸ். 85 அதாவது பழைய 498ஏ, இதே வழியில்தான் போக வேண்டும். 2003-இல் பி.எஸ். ஜோஷி வழக்கிலேயே இதற்கு வாசல் திறந்துவிட்டது. நகை, சீர்ப் பாத்திரம், ரொக்கம் எல்லாம் திரும்பி வந்ததைப் பட்டியல் போட்டுச் சரிபார்த்த பிறகு பெண் தரப்பு பிரமாணப் பத்திரம் கொடுப்பதுதான் சரி. பரஸ்பர விவாகரத்து பேசியிருந்தால், எது முதலில், எது பிறகு என்று மெமோவிலேயே எழுதுங்கள். குழந்தையின் ஜீவனாம்சத்தைப் பெற்றோர் பேரம் பேசி விட்டுக்கொடுக்க முடியாது.

கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை, லஞ்சம் போன்றவற்றை எவ்வளவு பணம் கொடுத்துச் சமாதானம் ஆனாலும் பொதுவாக ரத்து செய்ய மாட்டார்கள். பள்ளி மாணவியிடம் ஆசிரியர் தவறாக நடந்த போக்சோ வழக்கில் தந்தையோடு செய்துகொண்ட சமாதானத்தை ஏற்று உயர் நீதிமன்றம் ரத்து செய்ததை 2024-இல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. குழந்தைக்கு நடந்த கொடுமையைப் பேசி முடிக்க ஊர்ப் பெரியவருக்கும் உரிமை இல்லை, பெற்றவர்களுக்கும் இல்லை. அப்படி யாராவது பஞ்சாயத்துக்குக் கூப்பிட்டால் போகாதீர்கள்.

குறுக்கு வழி ஒன்று சொல்வார்கள்

"எதுக்கு ஹைகோர்ட்? விசாரணை அன்னிக்கு எனக்கு எதுவும் தெரியாதுன்னு சொல்லிடு, கேஸ் தானா போயிடும்." இப்படிச் சாட்சி மாறிப் பேசுவதைப் பிறழ் சாட்சி என்பார்கள். நடைமுறையில் நிறைய நடக்கிறது. ஆனால் பிரமாணம் எடுத்துக்கொண்டு பொய் சொல்வது குற்றம், சாட்சி மேலேயே நீதிமன்றம் நடவடிக்கை எடுக்கலாம். மாஜிஸ்திரேட் முன் ஏற்கனவே வாக்குமூலம் கொடுத்தவருக்கு இந்த ஆபத்து இன்னும் அதிகம். அது போக, விசாரணை வரும் வரை வருஷக்கணக்கில் வாய்தாவுக்கு அலைய வேண்டும். நேர் வழி இருக்கும்போது, அடிபட்டவரையே பொய் சொல்ல வைப்பது நியாயமும் இல்லை.

உத்தரவு வந்த பிறகு

சான்றிட்ட நகலுக்கு உடனே விண்ணப்பியுங்கள். உயர் நீதிமன்ற உத்தரவு என்றால் ஒரு நகலை வழக்கு நடந்த மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலும் இன்னொன்றைக் காவல் நிலையத்திலும் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்குக் கையொப்பம் வாங்குங்கள். பழைய பிடிவாரண்ட் ஏதாவது இருந்தால் திரும்பப் பெறப்பட்டதா என்று நீதிமன்ற எழுத்தரான பெஞ்ச் கிளார்க்கிடம் கேளுங்கள். கைப்பற்றிய வண்டி, செல்போன், மண்வெட்டி எதுவானாலும் திரும்பக் கேட்டு மனு போடலாம். ஜாமீன் கொடுத்தவரின் ஆவணங்களும் கோர்ட்டில் இருந்தால் அவற்றை வாங்கிக் கொடுத்துவிடுங்கள், உங்களுக்காகக் கையெழுத்துப் போட்டவர் அவர்.

காவலர் தேர்வோ வேறு அரசு வேலையோ எழுதும் பிள்ளைகள், விண்ணப்பத்தில் வழக்கு இருந்ததா என்ற கேள்விக்கு "இல்லை" என்று போடக் கூடாது. வழக்கு ரத்தாகியிருந்தாலும் இருந்தது இருந்ததுதான். உண்மையை மறைத்ததே வேலையை ரத்து செய்யக் காரணமாகலாம் என்று 2016-இல் அவதார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வழக்கு எண்ணையும் முடிந்த தேதியையும் எழுதி, உத்தரவின் நகலை இணைத்து அனுப்புங்கள்.